வீட்டுக் கடனின் மெய்விலை: ஈடு, வட்டி, காலம் பற்றிய ஒரு நோக்கு

மனிதனின் அடிப்படைத் தேவைகளுள் உணவும் உடையும் நாள்தோறும் ஈட்டும் வருவாயைக் கொண்டு நிறைவு செய்யத்தக்கவை. உறையுள் அத்தகையதன்று. நடுத்தர வருவாயுடைய குடும்பமொன்று தன் வாழ்நாளில் ஒரே முறை செய்யும் மிகப் பெருஞ் செலவு வீடேயாகும். அச்செலவைக் கைப்பணத்தால் மட்டும் ஈடுசெய்ய வல்லோர் மிகச் சிலரே. ஏனையோர் கடன்பட்டே வீடு கட்டுகின்றனர். அன்றேல் கடன்பட்டே வீடு வாங்குகின்றனர்.

இங்கு நாம் ஒரு விந்தையைக் காண்கின்றோம். காணியின் விலையைக் குறைக்கும் பொருட்டுப் பலநாள் பேரம் பேசுவோரும், சீமெந்துப் பையின் விலையைக் கடைக்குக் கடை ஒப்பிட்டு நோக்குவோரும், மேசனின் நாட்கூலியைக் கணக்கிட்டுக் கொடுப்போரும், கடனைப் பெறும் வேளையில் பெரும்பாலும் ஒரே வினாவை மட்டுமே வினாவுகின்றனர். “மாதம் எவ்வளவு கட்ட வேண்டும்?” என்பதே அவ்வினா. இவ்வினாவுக்குக் கிடைக்கும் விடை பொய்யானதன்று. ஆயின், அது கடனின் விலையைக் கூறும் விடையுமன்று. வீட்டுக்கு இரண்டு விலைகள் உண்டு. ஒன்று விற்போனுக்குக் கொடுக்கும் விலை. மற்றையது அவ்விலையைக் கொடுப்பதற்காகப் பெற்ற பணத்துக்குக் கொடுக்கும் விலை. இரண்டாவது விலை முதலாவதை விஞ்சி நிற்றல் பெருவழக்கு. அவ்விலை எவ்வாறு உருவாகின்றது, அதனைத் தீர்மானிப்பன யாவை, அதனைக் குறைத்தற்குக் கடனாளியால் இயல்வது யாது என்பனவற்றை விளக்குதலே இக்கட்டுரையின் நோக்கமாகும்.

ஈடும் ஒற்றியும்

நிலத்தைப் பிணையாக வைத்துப் பணம் பெறும் வழக்கம் நமக்குப் புதியதன்று. யாழ்ப்பாணத்து மக்களின் வழமைகளைத் திரட்டி, ஒல்லாந்தர் ஆட்சியின்போது 1707 ஆம் ஆண்டில் எழுத்துருப் பெற்ற தேசவழமை, ஒற்றி என்னும் முறையை விரிவாகக் கூறுகின்றது. ஒற்றி முறையில் கடன் கொடுத்தவன் நிலத்தைத் தன் கைவசம் எடுத்து, அதன் விளைபயனை வட்டிக்குப் பதிலாக நுகர்வான். நிலவுடைமையாளன் முதலைத் திருப்பிக் கொடுக்கும்போது நிலம் மீண்டும் அவனைச் சேரும். இடைப்பட்ட காலத்தில் எத்தனை போகம் நெல் விளைந்து கடன் கொடுத்தவனின் களஞ்சியத்தைச் சேரினும் முதலில் ஒரு சதமேனும் குறைவதில்லை. ஈடு என்பது இதனின் வேறானது. ஈட்டில் உடைமையாளனே நிலத்தில் தொடர்ந்து இருப்பான். வட்டியைப் பணமாகச் செலுத்துவான். செலுத்தத் தவறின் நிலத்தை விற்றுப் பணத்தை அறவிடும் உரிமை மட்டும் கடன் கொடுத்தவனுக்கு உண்டு. இன்று வங்கிகள் வழங்கும் வீட்டுக் கடன் இவ்வீட்டு முறையைச் சார்ந்ததாகும்.

இவ்விடத்து ஆங்கிலேயர் வழங்கும் ‘மோட்கேஜ்’ என்னும் சொல்லின் வரலாறும் நோக்கற்பாலது. பழைய பிரெஞ்சு மொழியில் அச்சொல்லின் பொருள் ‘செத்த ஈடு’ என்பதாம். பன்னிரண்டாம் நூற்றாண்டில் எழுந்த, கிளான்விலின் பெயரால் வழங்கும் ஆங்கிலச் சட்டநூல் ஈட்டை இரு வகையாகப் பிரிக்கின்றது. நிலத்தின் விளைபயன் முதலைக் குறைத்துக்கொண்டு வருமாயின் அது உயிருள்ள ஈடு. விளைபயன் முழுவதும் கடன் கொடுத்தவனைச் சேர, முதல் குறையாது நிற்குமாயின் அது செத்த ஈடு. இவ்விலக்கணப்படி நோக்கின் நமது ஒற்றியும் செத்த ஈட்டின் பாற்படும்.

இன்றைய வீட்டுக் கடன் மாதந்தோறும் முதலையும் வட்டியையும் சேர்த்தே கழிப்பதாகலின், அதனை உயிருள்ள ஈடு என்றே கொள்ளத் தோன்றும். சட்டத்தின் நோக்கில் அது சரியே. ஆயின் கணக்கின் நோக்கில், கடனின் முற்பகுதி ஒற்றியைப் பெரிதும் ஒத்தது என்பதைக் கீழே காண்போம்.

மாதத் தவணையின் உள்ளமைப்பு

நீண்ட காலத்துக்குச் சமமான மாதத் தவணைகளாகக் கடனைத் தீர்க்கும் முறை எங்கும் எக்காலத்தும் இருந்ததொன்றன்று. ஐக்கிய அமெரிக்காவில் 1930 களுக்கு முன்னர் வீட்டுக் கடன்களுட் பல சில ஆண்டுகளுக்கே வழங்கப்பட்டன. கடனாளி வட்டியை மட்டும் செலுத்திவந்து, இறுதியில் முதலை ஒருங்கே கொடுக்க வேண்டியிருந்தது. 1929 இல் தொடங்கிய பெருமந்தத்தில் அவ்வாறு கொடுக்க இயலாது பலர் வீடிழந்தனர். 1933 இல் நிறுவப்பட்ட வீட்டுடைமையாளர் கடன் கூட்டுத்தாபனமும், 1934 இல் நிறுவப்பட்ட கூட்டாட்சி வீடமைப்பு நிருவாகமும் நீண்ட காலச் சமதவணை முறையை அந்நாட்டில் நிலைபெறச் செய்தன. நம் நாட்டில் 1931 இல் இலங்கை அரச ஈட்டு வங்கி தோன்றியது. 1943 இல் தோன்றிய விவசாயக் கைத்தொழிற் கடன் கூட்டுத்தாபனத்துடன் அது இணைக்கப்பட்டு, 1975 ஆம் ஆண்டின் சட்டத்தின் கீழ் அரச ஈட்டு முதலீட்டு வங்கியாகி, 1979 இல் இயங்கத் தொடங்கியது. எனவே சமதவணை முறை கடனாளியைக் காக்கும் நோக்குடன் பரவியதொன்று என்பதை முதற்கண் ஏற்றுக்கொள்ளல் வேண்டும். அதன் நன்மை வெளிப்படையானது. அதன் விலையோ மறைந்து நிற்பது.

ஓர் எடுத்துக்காட்டைக் கொள்வோம். ஒருவர் 10 இலட்சம் ரூபாவை ஆண்டுக்கு 12 சதவீத வட்டிக்கு 20 ஆண்டுகளில் தீர்க்கும் முறையிற் பெறுகின்றார். இன்று வீடு கட்டுதற்கு 10 இலட்சம் போதாது என்பது உண்மையே. எனினும் இத்தொகை கணக்குக்கு எளிதானது. 50 இலட்சம் பெற்றவர் இங்குத் தரப்படும் எண்களை ஐந்தாற் பெருக்கிக் கொள்ளலாம்.

ஆண்டுக்கு 12 சதவீதம் என்பது மாதத்துக்கு 1 சதவீதமாகும். இக்கடனுக்குரிய மாதத் தவணை 11,011 ரூபா. முதல் மாத இறுதியில் 10 இலட்சத்துக்கு உரிய வட்டி 10,000 ரூபா. ஆகவே, செலுத்திய 11,011 ரூபாவில் 10,000 வட்டிக்குப் போக, எஞ்சிய 1,011 ரூபா மட்டுமே முதலிற் கழியும். இரண்டாம் மாதத்தில் கடன் மீதி 998,989 ரூபா. அதற்குரிய வட்டி 9,990 ரூபா. முதலிற் கழிவது 1,021 ரூபா. இவ்வாறு மாதந்தோறும் வட்டியின் பங்கு சிறிது சிறிதாகக் குறைய, முதலின் பங்கு அவ்வளவுக்கு ஏறிச் செல்லும். இதுவே குறைந்து செல்லும் மீதியின் மீதான வட்டி எனப்படுவது. இதில் எவ்வகை வஞ்சகமும் இல்லை. எஞ்சியுள்ள கடனுக்கு மட்டுமே வட்டி கணிக்கப்படுகின்றது.

ஆயின், இவ்வொழுங்கின் விளைவைக் காண்க. ஐந்து ஆண்டுகள் தவறாது செலுத்திய பின் கடனாளி கொடுத்த மொத்தத் தொகை 660,652 ரூபா. அதில் முதலிற் கழிந்தது 82,557 ரூபா மட்டுமே. கடன் மீதி 917,443 ரூபா. பத்து ஆண்டுகள், அதாவது பாதிக் காலம் கடந்த பின்னரும், முதலில் நான்கில் ஒரு பங்கேனும் கழிந்திராது. மீதி 767,463 ரூபா. முதலின் பாதி கழிவது பதினைந்தாம் ஆண்டின் முடிவிலேயாகும். ஒரு தவணையில் வட்டியின் பங்கை முதலின் பங்கு முதன்முதலாக விஞ்சுவது 172 ஆம் மாதத்தில். அதாவது பதினான்கு ஆண்டுகள் கடந்த பின்னரே.

ஒற்றியோடு ஒப்பிட்டது இதனாலேயே. ஒற்றி நிலத்தின் விளைச்சல் கடன் கொடுத்தவனைச் சேர்ந்தது போல, முதற் பல ஆண்டுகளில் கடனாளியின் உழைப்பின் விளைச்சல் பெரிதும் வட்டியாகவே போய்ச் சேர்கின்றது. வேறுபாடு யாதெனின், ஒற்றி வைத்தவன் தன் நிலத்தின் நெல் பிறன் வண்டியில் ஏறுவதைக் கண்ணாற் கண்டான். தவணை செலுத்துவோன் அவ்வாறு காண்பதில்லை. ஒவ்வொரு மாதமும் ஒரே தொகையே செலுத்தப்படுவதால், அத்தொகையின் உள்ளே நிகழும் பங்கீடு அவன் கண்ணுக்குப் புலனாவதில்லை.

இங்குப் பழைய அறநூற் கொள்கையொன்றும் நினைவு கூரத்தக்கது. ஒரே காலத்தில் அறவிடப்படும் வட்டி முதலின் அளவைக் கடத்தலாகாது என்பது வடமொழித் தரும சாத்திரங்களின் விதி. நிலுவையாய்க் குவிந்த வட்டி முதலை விஞ்சலாகாது என உரோமன் டச்சுச் சட்டமும் இதனை ஒத்த விதியொன்றைக் கொண்டிருந்தது. இவ்விதிகள் செலுத்தப்படாது தேங்கி நின்ற வட்டியையே கருதியவை. காலந்தோறும் செலுத்தித் தீர்த்த வட்டிக்கு அவை எல்லை வகுக்கவில்லை. நமது எடுத்துக்காட்டில், செலுத்திய வட்டியின் கூட்டுத்தொகை பத்தாம் ஆண்டின் முதல் மாதத்திலேயே 10 இலட்சத்தைக் கடந்துவிடுகின்றது. அப்போதும் ஏறக்குறைய எட்டு இலட்சம் ரூபா முதல் எஞ்சி நிற்கும்.

காலத்தின் விலை

கடனின் விலையைத் தீர்மானிப்பன மூன்று: தொகை, வட்டி வீதம், காலம். இவற்றுள் முதலிரண்டையும் கடனாளி ஓரளவு கருத்திற் கொள்கின்றார். மூன்றாவதையோ தமக்குத் தரப்பட்ட சலுகை என எண்ணி ஏற்றுக்கொள்கின்றார். “இருபது ஆண்டு கடினமாயின் முப்பது ஆண்டாக்கித் தரலாம், தவணை குறையும்” என்று கூறப்படுமாயின் அது உதவியாகவே தோன்றும். அவ்வுதவியின் விலையைப் பின்வரும் கணக்கு காட்டும். 10 இலட்சம் ரூபா, 12 சதவீத வட்டி என்னும் அதே கடனுக்கு:

10 ஆண்டுகள்: மாதத் தவணை 14,347 ரூபா, மொத்த வட்டி 721,651 ரூபா.
15 ஆண்டுகள்: மாதத் தவணை 12,002 ரூபா, மொத்த வட்டி 1,160,303 ரூபா.
20 ஆண்டுகள்: மாதத் தவணை 11,011 ரூபா, மொத்த வட்டி 1,642,607 ரூபா.
25 ஆண்டுகள்: மாதத் தவணை 10,532 ரூபா, மொத்த வட்டி 2,159,672 ரூபா.
30 ஆண்டுகள்: மாதத் தவணை 10,286 ரூபா, மொத்த வட்டி 2,703,005 ரூபா.

இருபது ஆண்டுகளை முப்பதாக நீட்டுவதால் மாதத் தவணையிற் குறைவது 725 ரூபா. அதற்காக மேலதிகமாகச் செலுத்த வேண்டிய வட்டி பத்து இலட்சத்து அறுபதினாயிரம் ரூபாவுக்கும் மேல். அதாவது பெற்ற கடனுக்குச் சமமான இன்னொரு கடன். இதன் காரணம் எளிது. மாத வட்டி 10,000 ரூபாவாய் இருக்கும்போது, காலத்தை எத்துணை நீட்டினாலும், நூறாண்டுகள் ஆக்கினாலும், தவணை 10,000 ரூபாவுக்குக் கீழ் இறங்க இயலாது. நீட்டுந்தோறும் தவணையிற் கிடைக்கும் தணிவு சுருங்க, வட்டியின் சுமை பெருகும். வட்டி வீதம் உயர்ந்த நாடுகளில் இவ்வெல்லை விரைவில் எட்டப்படும். ஆதலின் நம் நாட்டைப் போன்றவற்றில் நீண்ட காலக் கடன் தரும் ஆறுதல் மிகச் சிறிது என்பது மனங்கொள்ளத்தக்கது.

வட்டி வீதத்தைக் கூறும் முறையிலும் கவனம் வேண்டும். தொடக்க முதலின் மீதே கடன் முடியும்வரை வட்டி கணிக்கும் முறையும் வழக்கில் உண்டு. 10 இலட்சத்துக்குப் பத்தாண்டுகள் 12 சதவீதம் என இம்முறையிற் கணிப்பின் வட்டி 12 இலட்சம். மாதத் தவணை 18,333 ரூபா. இதனைக் குறைந்து செல்லும் மீதியின் மீதான வீதமாக மாற்றின் அது ஆண்டுக்கு 18 சதவீதத்தையும் தாண்டும். “பன்னிரண்டு” என்னும் ஒரே எண் இருவேறு விலைகளைக் குறிக்க வல்லது என்பதை இது காட்டுகின்றது.

மாறும் வட்டி

மேற்கூறிய கணக்குகள் யாவும் வட்டி வீதம் இறுதிவரை மாறாது நிற்கும் எனக் கொண்டு செய்யப்பட்டவை. நடைமுறையில் வீட்டுக் கடன்கள் பலவற்றில் வட்டி வீதம் சில ஆண்டுகளுக்கு மட்டும் நிலையாக நிற்கும். அதன்பின் சந்தை வீதத்தைத் தழுவி ஏறியிறங்கும். இந்நிபந்தனை ஒப்பந்தத்தில் ஓரிரு வரிகளில் அடங்கிவிடும். அவ்வரிகளின் கனத்தை அண்மைக்கால வரலாறு நமக்கு உணர்த்தியுள்ளது.

2020 ஆம் ஆண்டின் இறுதியில் இலங்கை வர்த்தக வங்கிகளின் சராசரி நிறையேற்றப்பட்ட முதன்மைக் கடன் வழங்கல் வீதம் 6 சதவீதத்துக்கும் கீழே நின்றது. 2022 ஏப்ரில் 8 ஆம் நாள் மத்திய வங்கி தன் கொள்கை வட்டி வீதங்களை ஒரே முறையில் 7 சதவீதப் புள்ளிகளால் உயர்த்தியது. அவ்வாண்டின் இறுதியில் முற்கூறிய முதன்மை வீதம் 27 சதவீதத்தைக் கடந்து நின்றது. இரண்டே ஆண்டுகளில் நான்கு மடங்குக்கும் மேற்பட்ட ஏற்றம் இது. 2023 ஆம் ஆண்டின் நடுப்பகுதி முதல் கொள்கை வீதங்கள் மீண்டும் குறைக்கப்பட்டன. எனினும் இடைப்பட்ட மாதங்களில் மாறும் வட்டியிற் கடன் பெற்றிருந்தோர் எதிர்கொண்ட நிலையைக் கணக்கால் அறியலாம்.

நமது கடனாளி ஐந்து ஆண்டுகளைக் கடந்துவிட்டார் எனக் கொள்வோம். அவரின் கடன் மீதி 917,443 ரூபா. இப்போது வட்டி வீதம் 20 சதவீதமாக ஏறுகின்றது. எஞ்சிய பதினைந்து ஆண்டுகளில் கடனைத் தீர்க்க வேண்டுமாயின் மாதத் தவணை 11,011 இலிருந்து 16,113 ரூபாவாக உயரும். அவ்வாறன்றிப் பழைய தவணையையே செலுத்த அனுமதிக்கப்படின் நிகழ்வது யாது? 20 சதவீதப்படி ஒரு மாத வட்டி மட்டும் 15,291 ரூபா. செலுத்தும் 11,011 ரூபா வட்டிக்கே போதாது. மாதந்தோறும் 4,280 ரூபா குறைவு நேர்ந்து, அது முதலுடன் சேர்க்கப்படுமாயின், தவறாது தவணை செலுத்தியும் கடன் வளர்ந்து செல்லும். இந்நிலைமை 20 சதவீதத்திலே தொடங்குவதன்று. வட்டி ஏறக்குறைய 14.4 சதவீதத்தை எட்டியவுடனேயே பழைய தவணை முதலைத் தொடாது நின்றுவிடுகின்றது. 12 இலிருந்து 14.4 என்பது சிறிய ஏற்றமாகவே தோன்றும். ஆயின் அதுவே கடன் குறைதலுக்கும் கடன் நிற்றலுக்கும் இடையிலுள்ள எல்லைக்கோடு.

தவணை தவறுவதன் விளைவும் இங்குக் கருதற்பாலது. 1990 ஆம் ஆண்டின் 4 ஆம் இலக்கக் கடன் அறவிடற் சட்டம், சில நிபந்தனைகளுக்கும் தொகை வரம்புக்கும் உட்பட்டு, ஈடு வைக்கப்பட்ட ஆதனத்தை நீதிமன்றத்தை நாடாமலே பகிரங்க ஏலத்தில் விற்கும் அதிகாரத்தை வங்கிகளுக்கு அளித்தது. ஊழியர் சேமலாப நிதியிலுள்ள மீதியைப் பிணையாகக் காட்டி வீடமைப்புக் கடன் பெற்றோர் தவணை தவறின், அவர்தம் முதுமைக்கெனச் சேர்த்த பணத்திலிருந்தே அது கழிக்கப்படும். எனவே மாறும் வட்டியின் விலை வெறும் ரூபாவால் மட்டும் அளக்கத்தக்கதன்று. இருக்கும் வீடும் பிற்கால வாழ்வும் அதன்பாற் பிணைந்துள்ளன.

பணவீக்கம் கடனாளிக்குத் துணையா?

இவ்வளவும் கேட்ட வாசகர் ஒரு நியாயமான தடையை எழுப்பக்கூடும். இன்றைய ரூபாவும் இருபதாண்டு கழித்துச் செலுத்தும் ரூபாவும் ஒன்றா? விலைவாசி ஏறுந்தோறும் பணத்தின் பெறுமதி தேய்கின்றதன்றோ? அவ்வாறாயின் இருபதாண்டுத் தவணைகளை வெறுமனே கூட்டி 26 இலட்சம் என்பது மிகைக்கூற்றாகாதா?

இத்தடை ஏற்கத்தக்கதே. விலைவாசி ஆண்டுக்கு 6 சதவீதம் ஏறுமாயின், இருபதாம் ஆண்டின் முடிவில் செலுத்தும் 11,011 ரூபாவின் கொள்வனவுச் சக்தி இன்றைய 3,433 ரூபாவுக்கே சமமாகும். மாதத்துக்கு அரைச் சதவீத விலையேற்றம் எனக் கொண்டு 240 தவணைகளையும் இன்றைய பெறுமதிக்கு மாற்றிக் கூட்டின் கிடைப்பது ஏறக்குறைய 1,537,000 ரூபா. ஆகவே 10 இலட்சத்தின் மெய்விலை 26 இலட்சமன்று. 15 இலட்சத்துச் சொச்சமாகும். மேலும், சொந்த வீட்டிற் குடியிருப்போர் அத்தனை ஆண்டு வாடகையை மிச்சப்படுத்துகின்றனர். இதனையும் நேர்மையான கணக்கு விட்டுவிடலாகாது.

எனினும் இவ்வாறுதல் ஒரு நிபந்தனைக்கு உட்பட்டது. கடனாளியின் வருவாயும் விலைவாசியுடன் ஏறினாலன்றிப் பணவீக்கம் அவருக்குத் துணையாகாது. 2022 செப்டெம்பரில் கொழும்பு நுகர்வோர் விலைச் சுட்டெண்ணின்படி ஓராண்டுப் பணவீக்கம் ஏறக்குறைய 70 சதவீதத்தை எட்டியது. அவ்வாண்டில் மாதச் சம்பளக்காரரின் வருவாய் அவ்வளவுக்கு ஏறவில்லை என்பதை யாவரும் அறிவர். அரிசிக்கும் எரிபொருளுக்கும் மருந்துக்கும் செலவு பெருகிய அதே வேளையில், மாறும் வட்டிக் கடனின் தவணையும் பெருகியது. பணவீக்கம் கடனைத் தேய்க்கும் என்னும் பொதுவிதி, நிலையான வட்டியும் ஏறும் வருவாயும் உடையோர்க்கே முழுதும் பொருந்துவதாம்.

கணக்கிற் சேராத செலவுகள்

தவணைக்கு வெளியே நிற்கும் செலவுகளும் சில உள. காணியின் மதிப்பீட்டுக் கட்டணம், உறுதி ஆய்வுக்கும் ஈட்டு முறி எழுதுதற்கும் நொத்தாரிசுக்குக் கொடுக்கும் கட்டணம், பதிவுச் செலவு, கடனாளியின் உயிர்க் காப்புறுதி, கட்டடத்துக்கான தீக்காப்புறுதி என்பன அவற்றுட் சில. காப்புறுதிக் கட்டணம் ஒருங்கே கடனுடன் சேர்க்கப்படுமாயின் அதற்கும் இறுதிவரை வட்டி செலுத்த நேரிடும். கடனை முற்கூட்டியே தீர்ப்போரிடம் தண்டக் கட்டணம் அறவிடும் ஒப்பந்தங்களும் உண்டு. இனி, வீட்டின் சோலை வரி, கூரையும் சுவரும் பழுதுபார்க்கும் செலவு என்பன கடனின் பாற்பட்டவை அல்லவெனினும், தவணை செலுத்தும் அதே கையாலேயே செலுத்தப்பட வேண்டியவை. தவணைக்கே வருவாய் முழுவதையும் ஒதுக்கிவிட்டோர் இவற்றைக் கைமாற்றாலும் நகை அடகாலும் ஈடுசெய்ய முற்படுவர். அவ்வாறு ஒரு கடனின் நிழலில் வேறு கடன்கள் முளைக்கின்றன.

கடனாளியால் இயல்வன

இவற்றைக் கூறுவதால் வீட்டுக் கடன் தீமையானது என்று நாம் கொள்வதாகக் கருதலாகாது. கடனின்றேல் வீடின்றி இருப்போர் பலர். நாம் வேண்டுவது யாதெனின், விலையை அறிந்து வாங்குதலே. அதற்குத் துணையாவன சிலவற்றைத் தொகுத்துக் கூறலாம்.

முதலாவதாக, வினாவை மாற்றுதல் வேண்டும். மாதம் எவ்வளவு என்பதோடு, மொத்தம் எவ்வளவு, ஐந்தாண்டு முடிவில் மீதி எவ்வளவு, வட்டி எப்போது எவ்வடிப்படையில் மாறும், முற்கூட்டித் தீர்த்தால் கட்டணம் உண்டா என்பனவற்றையும் வினாவுதல் வேண்டும். மாதவாரியான மீள்கொடுப்பனவு அட்டவணையைக் கையொப்பமிடுமுன்னரே கேட்டுப் பெறுதல் நன்று. கையொப்பமிட்ட பின் பெறும் அட்டவணை அறிவைத் தருமேயன்றித் தெரிவைத் தராது.

இரண்டாவதாக, முற்பகுதியிற் செலுத்தும் சிறு தொகையின் வலிமையை உணர்தல் வேண்டும். நமது எடுத்துக்காட்டில், தொடக்க முதல் மாதம் 1,000 ரூபா மேலதிகமாக முதலிற் கழியுமாறு செலுத்தின், இருபதாண்டுக் கடன் பதினைந்து ஆண்டுகளில் தீரும். மிச்சமாகும் வட்டி ஏறக்குறைய 485,000 ரூபா. ஓர் இலட்சம் ரூபாவை முதலாண்டு முடிவில் முதலிற் கழித்துத் தவணையை மாற்றாது செலுத்திவரின், கடன் ஐந்து ஆண்டுகளுக்கு மேல் முந்தித் தீர்வதோடு, அவ்விலட்சம் போக ஏறக்குறைய 597,000 ரூபா மிச்சமாகும். அதே இலட்சத்தைப் பதினைந்தாம் ஆண்டு முடிவிற் செலுத்தின் மிச்சம் 69,000 ரூபா அளவினதே. முற்கூட்டிச் செலுத்தும் ஒவ்வொரு ரூபாவும் கடனின் வட்டி வீதத்துக்குச் சமமான வருவாயை ஐயமின்றித் தரும் முதலீடாகும். வேறிடத்தில் அதனினும் உயர்ந்த வருவாயை உறுதியாகப் பெற வல்லோர் மட்டுமே இதனைப் புறக்கணிக்கலாம். எனினும் நோய், வேலையிழப்பு ஆகியவற்றுக்கெனச் சில மாதச் செலவுக்குரிய பணத்தைக் கையில் வைத்துக்கொண்டு, அதற்கு மேற்பட்டதையே இவ்வாறு செலுத்துதல் அறிவுடைமை.

மூன்றாவதாக, கடனின் அளவைத் தவணையால் அன்றித் தாங்கு திறனால் அளத்தல் வேண்டும். வட்டி 12 ஆக இருக்கும்போது செலுத்த இயல்கின்றதா என்பதோடு, அது 20 ஆக ஏறினும் இயலுமா என்று கணக்கிட்டு நோக்குதல் வேண்டும். இயலாதெனின், வீட்டின் ஓர் அறையைப் பின்னர் கட்டுவதாக ஒத்திவைத்தல், கடனைப் பின்னர் ஒத்திவைக்க முயல்வதினும் எளிது. கடன் முடியும்போது தமக்கு வயது எத்தனை என்பதையும் கூட்டிப் பார்த்தல் வேண்டும். நாற்பது வயதிற் பெறும் முப்பதாண்டுக் கடன் எழுபது வயதுவரை தொடரும். ஓய்வுக்குப் பின் அதனைச் செலுத்துவோர் பெரும்பாலும் பிள்ளைகளே. அவர்கள் கையொப்பமிடாத ஒப்பந்தத்துக்கு அவர்களின் இளமை விலையாகின்றது.

முடிவுரை

வீட்டுக் கடனில் நாம் வாங்குவது பணம் எனத் தோன்றினும், உண்மையில் வாங்குவது காலமாகும். இருபதாண்டு சேமித்துக் கட்ட வேண்டிய வீட்டில் இன்றே குடிபுகும் உரிமையே அக்காலம். அதன் விலை பெரிது. அவ்விலை நியாயமானதா அன்றா என்பதை ஒவ்வொரு குடும்பமும் தன் தேவை, வருவாய், வயது, வாடகை என்பவற்றைச் சீர்தூக்கித் தானே தீர்மானித்தல் வேண்டும். ஆயின் தீர்மானிப்பதற்கு முதலில் விலை தெரிதல் இன்றியமையாதது. இங்குக் கையாண்ட கணக்கு கூட்டல், கழித்தல், சதவீதம் என்னும் பள்ளிக்கூட அறிவுக்கு மேற்பட்டதன்று. மீதியை மாத வட்டியாற் பெருக்கி, தவணையிலிருந்து கழித்து, எஞ்சியதை மீதியிலிருந்து கழிக்கும் இச்சிறு செயலை எட்டாம் வகுப்பு மாணவனும் செய்ய வல்லான். நமது பாடநூல்களில் தனிவட்டி, கூட்டுவட்டிக் கணக்குகளோடு இம்மீள்கொடுப்பனவு அட்டவணையும் இடம்பெறுமாயின், நாளை ஈட்டு முறியில் ஒப்பமிடப் போகும் கைகள் சற்றே நின்று, கணக்கிட்டு, பின்னர் ஒப்பமிடும்.